பட்டியிலிருந்து வந்த ஊதல்

ஹாலிஸ் தன் தங்கை தெர்சாவோடு பேச்சை முறித்துக்கொண்ட கோடையில், இரண்டு பேருக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு முழித்தவள் நான்தான். எனக்கு வேறு வேலையே இல்லாத மாதிரி. டன்மோர் துறைக்கு இருக்கிற ஒரே கடை என்னுடையது. பால், ரொட்டி, ஆணி, தபால் எல்லாம் என் தலையில்தான் விடிகிறது. அது போதாதென்று, துறையில் பறிக்கிற டல்ஸ் பாசி மொத்தமும் என் கொட்டகைக்குத்தான் வந்து சேரவேண்டும். கடல் வற்றி இறங்கும்போது பாறையில் ஒட்டிக் கிடக்கிற சிவப்புப் பாசி அது. குனிந்து குனிந்து கையால் பறித்து, கூழாங்கல் கரையில் வலை விரித்துக் காயவைத்தால், சாயங்காலத்துக்குள் கறுத்துச் சுருண்டு, உப்பு ருசியோடு மெல்லத் தயாராகிவிடும். எங்கள் ஊரில் பல் இருக்கிறவர்கள் மெல்லுவார்கள். இல்லாதவர்கள் சப்புவார்கள்.

ஹாலிஸ் அந்தப் பாசி பறிக்கிறவன். பிறந்ததிலிருந்து துறையை விட்டு நகராதவன். ஐம்பதைத் தாண்டியும் கல்யாணம் வேண்டாமென்று இருந்துவிட்டவன். பேசினால் வாய் தேய்ந்துவிடும் என்கிற ரகம். தெர்சா அதற்கு நேர் எதிர். ஓவியம் படிக்கிறேன் என்று ஹாலிஃபாக்ஸுக்குக் கிளம்பிப் போனவள், ஓவியத்தை விட்டுவிட்டுச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டாள். ஏரியில் பனிக்கட்டி உடைகிற சத்தம், காட்டில் மரத்துக்கு மரம் கம்பி கட்டிக் காற்றை மீட்டவிட்ட சத்தம், இதையெல்லாம் பதிவு செய்து டொராண்டோவில் ஓர் இருட்டறையில் போட்டால், ஜனங்கள் தரையில் படுத்துக்கொண்டு கேட்பார்களாம். இங்கே சும்மா கிடைக்கிற காற்றை அங்கே டிக்கெட் வாங்கிக் கேட்கிறார்களே என்று துறையில் சிரிப்பாய்ச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். அவள் அதற்கெல்லாம் முகம் சுளிக்கிறவள் இல்லை.

ஒரு நாள் புருஷனையும் அழைத்துக்கொண்டு ஊரோடு வந்துவிட்டாள். அவன் பெயர் ரெமி. வடக்குக் கரைப் பிரெஞ்சுக்காரன். அலுமினியக் குழாயை வெட்டி, வாய் வைத்து, ஊத வைக்கிற வித்தை அவனுடையது. பற்றவைக்கிறபோது தாடியில் பாதி கருகிப்போன நல்ல மனுஷன். ஹாலிஸ் அவனை வாய் நிறைய "மாப்ள" என்றுதான் கூப்பிடுவான். சனிக்கிழமை தவறாமல் தங்கச்சி வீட்டுக்குச் சாப்பிடப் போவான். காலையிலிருந்து அடுப்புக்குள் வெல்லப்பாகு ஊற்றி வேகிற பீன்ஸும் கறுப்பு ரொட்டியும் அன்றைக்கு எல்லா வீட்டிலும் உண்டு. மூன்று பேரும் உட்கார்ந்து ஒரு பானையைக் காலி பண்ணுவார்கள்.

தெர்சா வந்தபிறகு நாங்கள் எல்லாரும் ஒரு விஷயத்துக்குப் பழகிக்கொண்டோம். காதில் ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு அவள் கையைத் தூக்கினால், இருந்த இடத்தில் அப்படியே நின்றுவிட வேண்டும். இருமக்கூடாது, காலை மாற்றக்கூடாது. அவள் கையை இறக்குகிற வரைக்கும் அந்த இடத்தின் மூச்சைப் பிடிக்கிறாளாம். ஒரு தடவை என்னை இடுப்பில் உருளைக்கிழங்கு மூட்டையோடு கடை வாசலில் நிறுத்திவிட்டாள். அன்றைக்கு என் மூச்சுதான் போயிற்று. ஆனால் யாரும் மீறமாட்டோம். அவள் முகம் அப்போது கோயிலில் நிற்கிறவள் முகம் மாதிரி இருக்கும், பாவம், அதைக் கெடுக்க மனசு வராது.

துறைவாய்க்குத் தெற்கே, மணல்திட்டில், அவர்கள் அப்பா கட்டிய மீன்பட்டி நிற்கிறது. கடலில் வட்டமாகக் கம்புகள் அறைந்து, வலை கட்டி, ஹெர்ரிங் மீனை உள்ளே மடக்குகிற பட்டி. மீன் வரத்து நின்றபிறகு வலையை அவிழ்த்துவிட்டார்கள். கம்புகள் மட்டும் நின்றன. அதில் குழாய்களைக் கட்டிக் கடலையே பாட வைக்கப்போகிறேன் என்று தெர்சா சொன்னபோது, கம்பு சும்மாதானே நிக்குது என்று ஹாலிஸ் சொல்லிவிட்டான். சொன்னதோடு நிற்காமல், புதுக்கம்பு அறையவும் கூட நின்றான். குழாயின் அடி தண்ணீருக்குள் இருக்கும். அலை உள்ளே ஏறும்போது காற்றை மேலே தள்ளும், மேலே வாய் ஊதும். உயரம் உயரமாய்க் கட்டியதால், கடல் ஏற ஏற ஒன்றன்பின் ஒன்றாகப் பேசத் தொடங்கும். நகரத்துக் கலைவிழாக்காரர்கள் அதற்கு உதவித்தொகை கொடுத்து, செப்டம்பர் பெரிய ஏற்றத்துக்கு வந்து கேட்பதாக இருந்தார்கள். எங்கள் கடல் ஒரே நாளில் வீட்டுயரம் ஏறி, வீட்டுயரம் இறங்கும். வற்றம் வந்துவிட்டால் துறைக்குள் படகெல்லாம் சேற்றில் குந்திக்கொண்டு நிற்கும். அப்பேர்ப்பட்ட கடலைப் பாட வைப்பது என்றால், எனக்குக்கூட உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைதான்.

ஜூலையில் எல்லாக் குழாயும் கட்டியாகிவிட்டது, கடைசி ஒன்றைத் தவிர. அந்தப் பெரிய குழாயைப் பற்றி ரெமியும் தெர்சாவும் யாரிடமும் மூச்சு விடவில்லை. என்னிடம் மட்டும் தெர்சா கடையில் வைத்து ரகசியமாகச் சொன்னாள். துறைவாய்க்கு அந்தப் பக்கம் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கிற முனையில், முன்பு பனிமூட்டம் போட்டால் ஓர் ஊதல் ஊதும். தாழ்ந்த குரலில், வயிற்றுக்குள் இருந்து வருகிற மாதிரி. அது ஊதித்தான் எங்கள் அப்பாக்கள் வீடு வந்து சேர்ந்தார்கள். இப்போது படகுக்குப் படகு வழிகாட்டும் மின்கருவி வந்துவிட்டதால், சில வருஷத்துக்கு முன்னால் அதை நிறுத்திவிட்டார்கள். தெர்சாவிடம் அதன் பழைய பதிவு ஒன்று இருந்தது. அதைக் கேட்டுக் கேட்டு ரெமி குழாயை அறுத்திருந்தான். கடல் பாதி ஏறுகிற நேரத்துக்கு, பாசி பறித்தவர்கள் திரும்பி வருகிற அந்த நேரத்துக்குச் சரியாக, அது பழைய ஊதலின் குரலில் பேசும். ஹாலிஸுக்குத் தெரியாமல் வைத்து, அவன் வரும்போது கேட்கவிட்டு, அவன் முகத்தைப் பார்க்கவேண்டும் என்று ஆசை அவளுக்கு. அண்ணன்மேல் அவளுக்கு அவ்வளவு பாசம்.

எனக்கும் நல்ல யோசனையாகத்தான் பட்டது.

அந்தக் குழாயைக் கட்டிய அன்றைக்குக் காலையில் வானம் கழுவிவிட்ட மாதிரி இருந்தது. ஹாலிஸ் பாசி பறிக்க, கடலுக்குள் இருக்கிற பல்லுப்பாறைக்குப் போயிருந்தான். வற்றம் திரும்பும் நேரத்துக்குக் கடலிலிருந்து மூட்டம் எழுந்து வந்து துறையை மூடிவிட்டது. ஹாலிஸின் தோணியில் மின்கருவி எதுவும் கிடையாது. ஒரு திசைகாட்டியும் அவன் காதும்தான். மூட்டத்தில் வந்துகொண்டிருந்தவன் காதில் ஊதல் விழுந்திருக்கிறது. முனை ஊதலை இடது கைப்பக்கம் வைத்துக்கொண்டு திருப்பினால் துறைவாய் என்பது எங்கள் ஊரில் நடக்கத் தெரிந்த எல்லாருக்கும் தெரியும். அவன் கை அப்படியே திருப்பியது. ஆனால் குரல் முனையில் இல்லை, பட்டியில் இருந்தது. தோணி நேரே பட்டிக்கு அடுத்த குட்டிப்பாறையில் ஏறி உடைந்தது. கை எலும்பு இரண்டாக முறிந்தது. திட்டில் நின்று பதிவு செய்துகொண்டிருந்த தெர்சாவும் ரெமியும் கழுத்தளவு தண்ணீரில் இறங்கி அவனை இழுத்து வந்தார்கள்.

மறுநாளே தெர்சா ஏணி போட்டு ஏறி எல்லாக் குழாய்க்கும் மரக்கட்டையால் அடைப்பு அடித்துவிட்டாள். ரெமி பெரிய குழாயை அறுத்து இறக்கி என் கொட்டகையில் கொண்டுவந்து போட்டான். பார்க்கவே பிடிக்கவில்லை அக்கா, எங்கேயாவது வைத்துக்கொள் என்றான். கூரைத் தண்ணீர் இறங்க எனக்கு ஒரு குழாய் வேண்டியிருந்தது. மாட்டிவிட்டேன். அலுமினியத்தை வீணாக்குவானேன்.

துறைச் சங்கத்துத் தலைவன் எல்வுட் கூட்டம் போட்டான். கம்போடு பிடுங்கி எறியவேண்டும் என்று சில பேர். பாவம் வேண்டுமென்றா செய்தாள் என்று சில பேர். கடைசியில், அடிபட்டவன் ஹாலிஸ், பட்டியில் பாதியும் அவனுடையது, அவன் சொல்வதுதான் முடிவு என்று எல்வுட் கையைக் கழுவிக்கொண்டான். ஹாலிஸ் கட்டுப்போட்ட கையோடு மூலையில் உட்கார்ந்திருந்தான். கட்டு அவிழ்க்கட்டும், அப்புறம் சொல்றேன் என்று எழுந்து போய்விட்டான். அதோடு தெர்சாவின் கோடை முழுக்க அந்தக் கைக்கட்டிலேயே தொங்கியது. அண்ணன் வேண்டாம் என்று சொன்னால் பட்டியும் போச்சு, செப்டம்பரும் போச்சு, இந்த ஊர் முகத்தில் விழித்துக்கொண்டு இருக்கவும் முடியாது, நகரத்துக்கே போய்விடுவதாக ரெமியோடு பேசி வைத்திருந்தாள்.

பாசிக்கு அதுதான் காலம். ஹாலிஸுக்கு அந்த நாலு மாசம்தான் வருஷச் சோறு. அதனால் தெர்சாவே பறிக்கக் கிளம்பினாள். செத்துப்போன என் வீட்டுக்காரருடைய தோணியைக் கேட்டாள், கொடுத்தேன். முதல் நாள் ஹாலிஸ் கரைக்கு வந்து பார்த்தான். அவள் அவனுக்கு மூன்றடி தள்ளி நிற்கிறாள். அவன் என்னைப் பார்த்துப் பேசினான்.

"வெர்னாக்கா, அவகிட்ட சொல்லு. எனக்காக யாரும் பறிக்க வேண்டாம்."

"அவ இங்கதானடா நிக்கறா. நீயே சொல்லு."

"நீ சொல்லு."

நான் தெர்சா பக்கம் திரும்பி, உங்கண்ணன் வேண்டாங்கறான் என்றேன். அவள், நான் பறிப்பேன்னு சொல்லுங்க என்றாள். இந்தப் பக்கம் திரும்பி, அவ பறிப்பாளாம் என்றேன். எனக்குக் கழுத்து வலித்ததுதான் மிச்சம். அன்றைக்கு ஆரம்பித்தது இந்தத் தபால் வேலை. அஞ்சல் துறை எனக்கு அதற்கெல்லாம் சம்பளம் தருவதில்லை.

பறித்தாள். முதல் வாரம் அவள் பறித்ததில் பாதி குப்பை. கிளிஞ்சலும் நத்தையும் கலந்து கிடந்தது. ஹாலிஸ் ஒற்றைக் கையால் அதைப் பொறுக்கிக்கொண்டே, அவகிட்ட சொல்லு, நத்தை விக்கணும்னா தனியாப் பறிக்கச் சொல்லு என்பான். அடுத்த வாரம் சுத்தமாக வந்தது. அவள் விரல் நுனியெல்லாம் வெடித்து, உப்புத் தண்ணீர் பட்டு எரிந்து, ராத்திரியில் மெழுகு தடவிக்கொண்டு படுத்தாள். மூட்டம் விலகிய நாளில் நாங்கள் மூன்று பேரும் கரையில் வலையை விரித்து உதறிப் போடுவோம். ஒரு தடவை திருப்பிப் போடவேண்டும், மழைத் தூறல் கண்ணில் பட்டால் அள்ளிக்கொண்டு ஓடவேண்டும். சனிக்கிழமை தெர்சா பீன்ஸ் பானையை என்னிடம் கொடுத்தனுப்புவாள். ஹாலிஸ் வாங்கிக்கொள்வான். மறுநாள் பானை கழுவி வரும். பதில் வராது.

ஒரு நாள் வலையை மடிக்கும்போது, இரண்டு பேர் மட்டும் இருந்தோம், நான் அவளைக் கேட்டேன். ஊரே மறந்துகொண்டு வருகிறது, அவன் கையும் சேர்ந்துகொண்டு வருகிறது, நீ மட்டும் ஏன் இப்படி வெந்துபோகிறாய் என்று. அவள் வலையைக் கீழே போட்டுவிட்டு உட்கார்ந்துவிட்டாள்.

"அக்கா, அன்னிக்கு மூட்டத்துக்குள்ள அந்த எஞ்சின் சத்தம் கேட்டப்ப எனக்கு என்ன தோணுச்சு தெரியுமா? யாருடா இது, பதிவக் கெடுக்க வந்துட்டான்னு எரிச்சல் வந்துச்சு. என் அண்ணன் பாறைல போய் மோதப் போறான், நான் ரெமியப் பாத்து கையத் தூக்கிட்டு நிக்கறேன், அசையாதன்னு. அவன் எஞ்சின் சத்தம் எனக்குத் தெரியாதா? சின்ன வயசுலேர்ந்து கேட்ட சத்தம். அப்ப அது எனக்கு வெறும் இரைச்சலாத்தான் கேட்டுச்சு."

நான் பக்கத்தில் உட்கார்ந்து பையிலிருந்து கொஞ்சம் பாசி எடுத்துக் கொடுத்தேன். இரண்டு பேரும் மென்றோம்.

அவனையும் கேட்டேன். சும்மா விடுவேனா? கட்டுப்போட்ட கையைச் சொறிய முடியாமல் தவித்துக்கொண்டிருந்தவனிடம் ஒரு பின்னல் ஊசியைக் கொடுத்துவிட்டுக் கேட்டேன். உன் தங்கச்சி ஆசையாக வைத்ததுதானே, தெரியாமல் நடந்ததற்கு இத்தனை வீம்பு எதற்கு என்று. அவன் ஊசியைக் கட்டுக்குள் விட்டுச் சொறிந்துகொண்டே சொன்னான்.

"அது நின்னுபோனது எனக்குத் தெரியாதாக்கா? கடைசியா ஊதின அன்னிக்கு நான் முனைலதான் நின்னேன். ஆனா கேட்டதும் கை தானாத் திரும்பிடுச்சு. ஒரு நிமிசம், அப்பா இருக்காரு, எல்லாரும் இருக்காங்கன்னு தோணிடுச்சு. செத்தவங்க குரல்ல கூப்பிட்டா எவன் போகாம இருப்பான்? கை போனாப் போகுது. அந்தக் குரல வெச்சு என்னை ஏமாத்திட்டாளே."

ஏமாற்றவில்லைடா என்று சொன்னேன். அவன் ஊசியை என்னிடம் நீட்டிவிட்டு எழுந்து போனான். இதை மட்டும் நான் தெர்சாவுக்குத் தபால் கொடுக்கவில்லை. சில தபால் சேராமல் இருப்பதே நல்லது.

ஆகஸ்ட் கடைசியில் வந்தது அந்த நாள். ரெமி காய்ந்த பாசி மூட்டைகளை வண்டியில் ஏற்றிக்கொண்டு டவுனுக்குப் போயிருந்தான். தெர்சா தோணியில் பல்லுப்பாறைக்குப் போயிருந்தாள். மூட்டம் இல்லை என்று ரேடியோ சொல்லியிருந்தது. ரேடியோ சொன்னதைக் கேட்டு நானும் துணி உலர்த்தியிருந்தேன். ஹாலிஸும் நானும் கரையில் பாசி திருப்பிப் போட்டுக்கொண்டிருக்கும்போதே வெயில் மங்கியது. நிமிர்ந்து பார்த்தால் பல்லுப்பாறை இல்லை, முனை இல்லை, கொஞ்ச நேரத்தில் எதிரில் நிற்கிற ஹாலிஸின் முகமே மூட்டத்தில் மங்கிப்போயிற்று.

தோணியில் திசைகாட்டி கிடையாது. ஹாலிஸுடையது குட்டிப்பாறையோடு போய்விட்டது, புதிது வாங்க யாருக்கும் தோன்றவில்லை. செல்போன் மலைக்கு இந்தப் பக்கம் எடுக்காது. வற்றத்தில் துறைப் படகெல்லாம் சேற்றில் குந்திக்கொண்டிருந்தன. ஏற்றம் வேறு திரும்பிவிட்டது. பல்லுப்பாறையில் நீரோட்டம் திரும்புகிறபோது தோணியை எங்கே இழுத்துப்போகும் என்று சொல்ல முடியாது. தெர்சா, தெர்சா என்று தொண்டை கிழியக் கத்தினேன். கொட்டகையிலிருந்து தகரத் தொட்டியை எடுத்து வந்து அடித்தேன். ஹாலிஸ் என் கையைப் பிடித்து நிறுத்தினான்.

"அடிக்காதக்கா. மலைல மோதி எல்லாப் பக்கமும் வருது. அவளுக்கு இன்னும் கொழப்பந்தான்."

அவன் கொட்டகைக்குள் போய் மரச்சுத்தியலை எடுத்துக்கொண்டு திட்டுப் பக்கம் நடக்கத் தொடங்கினான். எங்கடா போறே என்று நான் பின்னாலேயே ஓடினேன். பட்டிக்கு என்றான். கட்டுப்போட்ட கையோடு ஏணியில் ஏறப்போகிறாயா, பைத்தியமா உனக்கு என்று கத்தினேன். அவன் திரும்பாமலே சொன்னான்.

"அவ கொழாய அவளுக்குத் தெரியும்."

திட்டில் ஏற்கெனவே தண்ணீர் கணுக்காலுக்கு வந்திருந்தது. என் முழங்காலுக்கு இருக்கிற வாதத்துக்கு நான் மாடிப்படியே ஏறுகிறதில்லை. அன்றைக்கு ஏணியில் நான்தான் ஏறினேன். ஹாலிஸ் நல்ல கையால் ஏணியைப் பிடித்துக்கொண்டு, இடது பக்கம் அடி, இன்னும் கீழே அடி என்று சொல்லிக்கொண்டே நின்றான். அடைப்பு உப்பில் ஊறி இறுகியிருந்தது. தெர்சா அடித்த அடி அப்படி. முதல் கட்டை தெறித்து விழுந்ததும் ஒன்றும் கேட்கவில்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது. அப்புறம் ஓர் அலை வந்து மெதுவாக உள்ளே ஏறியது, குழாய் நீளமாக ஒரு மூச்சு விட்டது. அடுத்த அலைக்கு இன்னும் கொஞ்சம் பலமாக. நான் அடுத்த குழாய்க்கு ஏணியை மாற்றி, அதையும் திறந்தேன். கடல் ஏற ஏற ஒவ்வொன்றாகச் சேர்ந்துகொண்டது. மூட்டத்துக்குள் பட்டி முழுக்கப் பாடத் தொடங்கியது. ஊதல் மாதிரி இல்லை. கேட்டால் யாருக்கும் வேறு எதுவும் ஞாபகம் வராது. அது பட்டிதான், வேறு எதுவும் இல்லை.

தண்ணீர் என் ரப்பர் பூட்ஸுக்குள் இறங்கியது. போகலாமென்று ஹாலிஸ் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. இடுப்புவரை ஏறுகிற நேரத்துக்கு, எங்கேயோ வெளியே, எஞ்சின் சத்தம் கேட்டது. நின்றது. கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. குழாயைக் கேட்க அணைத்திருக்கிறாள். மறுபடி கேட்டது, கிட்டே. மறுபடி நின்றது. பிறகு மூட்டத்தைக் கிழித்துக்கொண்டு என் வீட்டுக்காரருடைய தோணி கம்புகளுக்கு நடுவில் வந்து நின்றது. தெர்சா எங்களைப் பார்த்தாள். தண்ணீரில் நிற்கிற அண்ணனையும், ஏணியில் தொங்குகிற என்னையும், திறந்துகிடக்கிற குழாய்களையும் பார்த்தாள். ஹாலிஸ்தான் முதலில் பேசினான். என் பக்கம் திரும்பவில்லை.

"பறிச்ச பாசி எங்க?"

"பாறைலயே விட்டுட்டேண்ணே. மூட்டத்தப் பாத்ததும் பயந்துட்டேன்."

"சரி போகட்டும். ஏணிலேர்ந்து அக்காவ எறக்கு மொதல்ல. நனைஞ்சு போச்சு பாவம்."

தோணியில் ஏறி உட்கார்ந்த பிறகுதான் தெர்சா அழுதாள். ஹாலிஸ் தலையைத் தடவிக் கொடுக்கிறவன் இல்லை. அவள் கையை இழுத்து, வெடித்த விரல் நுனிகளை ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்துவிட்டு, அவள் மடியிலேயே திரும்ப வைத்தான்.

செப்டம்பரில் கட்டு அவிழ்த்தார்கள். எல்வுட் மறுபடி கூட்டம் போட்டு, சொல்லு ஹாலிஸ் என்றான். ஹாலிஸ் எழுந்து நின்றான். துறை மொத்தமும் அவன் வாயைப் பார்த்தது. தெர்சா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ரெமி தாடியை முறுக்கிக்கொண்டிருந்தான்.

"இருக்கட்டும். ஆனா அது வேற யார் குரல்லயும் பேசக்கூடாது. பட்டி பட்டியாப் பேசட்டும். அவ்வளவுதான்."

உட்கார்ந்துவிட்டான். எல்வுட் இன்னும் ஏதோ நிபந்தனை எழுதலாமா என்று இழுத்தான். பாசி பறிக்கிற இன்னொருத்தன், ஏற்றம் திரும்பினதும் அது சொல்லுதுய்யா, நமக்குத்தானே நல்லது என்றான். கூட்டம் முடிந்து எல்லாரும் காப்பிக்குப் போய்விட்டோம். தெர்சா வாசலில் நின்று அண்ணனைப் பார்த்தாள். அவன் தலையை ஆட்டிவிட்டுப் போனான். பேசுகிறான், சந்தோஷம், ஆனால் சனிக்கிழமைப் பீன்ஸ் மட்டும் இன்னும் என் கையில்தான் போய்க்கொண்டிருந்தது. எப்போதடா போவாய் என்று கேட்டால், போறப்ப போவேன் என்பான். அவன் வீம்பு இறங்குவதற்கும் ஒரு நேரம் வேண்டும்போல.

பெரிய ஏற்றத்து நாளும் ஒரு சனிக்கிழமை. நகரத்திலிருந்து கலைவிழாக்காரர்கள் விலையுயர்ந்த மழைக்கோட்டுகளில் வந்து இறங்கினார்கள். மழை இல்லை. துறையும் பின்னாலேயே வந்தது. எல்வுட் ஷர்ட்டை இஸ்திரி போட்டிருந்தான். தெர்சா திட்டுக்கு மேலே, கரையில் மைக்கை நட்டு, அதற்கு நாய்முடி மாதிரி ஓர் உறையை மாட்டி, ஹெட்ஃபோனை வைத்துக்கொண்டாள். கையைத் தூக்கினாள். எல்லாரும் நின்ற இடத்தில் நின்றோம். ஒரு கறுப்பு ஈ வந்து என் மூக்கில் உட்கார்ந்து கடித்தது. நான் அசையவில்லை. கர்த்தர் சாட்சி.

முதல் குழாய் பேசியது. அப்புறம் அடுத்தது. வானம், தண்ணீர், கம்புகள் எல்லாம் சேர்ந்து மூச்சு விடுவதுபோல் இருந்தது. மழைக்கோட்டுக்காரி ஒருத்தி கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். எனக்கும் நெஞ்சு நிறைந்துபோயிற்று. இத்தனை வருஷம் இந்தக் கரையில் இருந்தும் கடலை இப்படி நின்று நான் கேட்டதில்லை.

அப்போதுதான், பல்லுப்பாறைப் பக்கமிருந்து, டக டக டக என்று எஞ்சின் சத்தம். ஹாலிஸ். கட்டு அவிழ்த்தபிறகு அன்றைக்குத்தான் முதல்முறையாகப் பறிக்கப் போயிருந்தான். கடல் ஏறினால் வீட்டுக்கு வருவான், அவனுக்குக் கலைவிழா என்ன, திருவிழா என்ன? சத்தம் நேராக வந்துகொண்டிருந்தது. ரெமி பதறிப்போய் தெர்சாவைப் பார்த்தான். கலைவிழாத் தலைவர் முகம் சுருங்கியது. தெர்சாவின் கை மட்டும் இறங்கவே இல்லை. கண்ணில் தண்ணீர் வழிய, கையைத் தூக்கியபடியே நின்றாள். அந்த எஞ்சினைக் கேட்டுக்கொண்டிருந்தாள்.

தோணி பட்டிக்குப் பக்கத்தில் வந்து வேகம் குறைந்தது. ஹாலிஸ் எழுந்து நின்று, கரையில் சிலையாக நிற்கிற ஊரைப் பார்த்தான். ஊர் ஏன் இப்படி நிற்கிறது என்று அவனுக்குத் தெரியாமல் இருக்காது. வேண்டுமென்றேதான் செய்தான் என்று இன்றைக்கும் நான் சத்தியம் பண்ணுவேன். வாய் பக்கம் கையை வைத்துக் கத்தினான்.

"ஏ புள்ள! பீன்ஸ் அடுப்புல வெச்சிட்டியா?"

ஒருத்தர் அசையவில்லை. குழாய்கள் பாடிக்கொண்டே இருந்தன. இத்தனை வருஷத்தில் எங்களில் யாரையும் தும்மக்கூட விடாதவள் தெர்சா. அவள் ஹெட்ஃபோனைக் காதிலிருந்து பிடுங்கிக் கழுத்தில் தள்ளினாள்.

"காலைலயே வெச்சிட்டேண்ணே! வா!"

டொராண்டோவில் அந்த இருட்டறையில் இப்போது அதைத்தான் போடுகிறார்களாம். நடுவில் வருகிற எஞ்சினையும் கத்தலையும் வெட்டிவிடலாமா என்று அவர்கள் கேட்டார்களாம், முடியவே முடியாது என்று தெர்சா சொல்லிவிட்டாளாம். ஜனங்கள் தரையில் படுத்துக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு, கடல் ஏறுவதைக் கேட்கிறார்கள், எங்கள் ஹாலிஸ் பீன்ஸ் கேட்பதையும் கேட்கிறார்கள். அந்தச் சனிக்கிழமைச் சாயங்காலம் பீன்ஸ் பானை என் கைக்கு வரவில்லை.